என் குரலை என்னிடம் ஒப்படைக்கவும்

மலைக்கோபுரத்தில் மூன்றாம் நிலை மந்திரவாதியாக வீற்றிருப்பவரும், ஒலிமாற்றுக் கலையில் பட்டயம் பெற்று அதைச் சட்டம் போட்டு மாட்டியிருப்பவரும், எல்லாவற்றுக்கும் மேலாக என் மனைவியோடு கூடப் பிறந்த ஒரே தம்பியுமாகிய மைத்துனருக்கு, ஏரித்துறையின் ஆமையோட்டியும், முப்பத்தொரு வருடச் சேவையில் தலைவலி என்று ஒரு நாள்கூடப் படுக்காதவனுமான உன் அத்தான் மரியாதையுடன் எழுதிக்கொள்வது. கடிதம் என்றால் முதலில் நலம் விசாரிக்க வேண்டும். விசாரித்துவிட்டேன் என்று வைத்துக்கொள். நீ நலமாகத்தான் இருப்பாய். அதுதான் என் முதல் புகார். இங்கே ஏரி மீன்களைத் தவிர நலமாக இருப்பவர் யாரும் இல்லை. அவற்றுக்கு மட்டும்தான் பறிகொடுக்கக் குரல் இல்லை.

இதையெல்லாம் நேரில் வந்து நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு கேள்வி கேட்டிருப்பேன். ஆனால் இப்போது என் தொண்டையில் இருக்கும் குரலில் உன்னைத் திட்டினால் நீ பயப்பட மாட்டாய்; என்னை இடுப்பில் தூக்கி வைத்துக்கொண்டு காக்கா காட்டுவாய். அதனால்தான் பேனாவை எடுத்தேன். எழுத்தை உன்னால் ஒன்றும் செய்ய முடியவில்லை பார். நகரசபை உன்னிடம் சொன்ன வேலைதான் என்ன? கோபுரமணியில் விரிசல் விழுந்துவிட்டது, அதன் ஓசையை எடுத்துப் புதிய மணியில் வைக்க வேண்டும். ஒரு பாத்திரத்துப் பாலை இன்னொரு பாத்திரத்தில் ஊற்றுகிற வேலை. அதை நீ செய்த லட்சணத்தில் ஊரில் வாயுள்ள அத்தனை ஜீவன்களின் குரலும் இடம் மாறிப் போயிற்று. மறுநாள் எங்கள் துறைப் பலகையில் உன் அறிவிப்பை ஒட்டினார்கள். ‘சிறு ஒலிக் குழப்பம்’ என்று போட்டிருக்கிறாய். சிறு! ‘பிழை எங்கே நேர்ந்தது என்று கண்டறியும்வரை குரல்களைத் திருப்பி அளிக்க இயலாது, பொதுமக்கள் அமைதி காக்கவும்’ என்று வேறு. பதினோரு நாளாகப் பிழையைத் தேடுகிறாயாம். உன் அறையில் முகம் பார்க்கும் கண்ணாடி இருந்தால் அதில் தேடிப் பார்.

அன்றைக்கு ஏரியில் நடந்ததைச் சொல்கிறேன், கேட்டுக்கொள். காலை இரண்டாவது சவாரி. ஆமையின் முதுகில் பதினாறு பெஞ்சு, நாற்பத்து மூன்று தலை, கடைசிப் பெஞ்சில் ஒருவர் ஆறு கோழிகளைக் கூடையில் அடைத்து வைத்திருந்தார். நான் வழக்கம்போல் ஆமையின் கழுத்தோரப் பலகையில் நின்றுகொண்டிருந்தேன். எங்கள் ஆமைக்கு உடம்பு ஒரு வீடு அளவு, மனசு சுண்டைக்காய் அளவு. ஏரியின் நடுவில் குளிர்ந்த தண்ணீர் வயிற்றில் பட்டதும் அவளுக்கு உள்ளே போய்விடத் தோன்றும். அது அந்தப் பிறவியின் குணம், குற்றம் சொல்ல முடியாது. ஐம்பது கால்வீச்சுக்கு ஒருமுறை “மேலேயே இரு தாயே!” என்று நான் ஒரு குரல் கொடுத்தால் போதும், சரி போ என்று மிதப்பாள். அந்தக் குரலால்தான் எனக்கு ஊரில் ‘இடி’ என்று பெயர். நான் இக்கரையில் தும்மினால் அக்கரையில் காயப் போட்ட துணியை எடுத்துவிடுவார்கள். சரி, ஐம்பதாவது கால்வீச்சு வந்தது. வாயைத் திறந்தேன். “மேலேயே இரு தாயே” என்று கீச்சென்று வந்தது. தொட்டிலில் கிடக்கிற குழந்தை எழுந்து உட்கார்ந்து பேசியது மாதிரி. எவனடா கேலி செய்கிறவன் என்று திரும்பினேன். அதே நொடியில் மூன்றாவது பெஞ்சில், பூட்டுக்கடைக்காரியின் மடியில் தூங்கிக்கொண்டிருந்த அவளுடைய எட்டு மாதப் பெண்குழந்தை விழித்துக்கொண்டு “ங்ஙா” என்றது. என் குரலில்! முப்பத்தொரு வருடம் வெயிலும் மழையும் கொடுத்து நான் வளர்த்த குரலில், “ங்ஙா”!

ஆமை நின்றுவிட்டாள். கழுத்தை முழுசாக வளைத்துத் திரும்பி என்னைப் பார்த்தாள். அத்தனை வருடத்தில் அவள் என்னை அப்படிப் பார்த்ததே இல்லை. வீட்டுக்கு வந்த விருந்தாளி திடீரென்று நாயாகக் குரைத்தால் நாம் எப்படிப் பார்ப்போம், அப்படி. பிறகு தலையை உள்ளே இழுத்தாள், நான்கு கால்களையும் இழுத்தாள், கல்லைப் போட்ட மாதிரி இறங்கினாள். நல்லவேளை, அவள் இறங்கிய பள்ளத்தை ஒட்டியே மணல்திட்டு, அங்கே கழுத்தளவுத் தண்ணீர்தான். நாற்பத்து மூன்று பேரும் கத்தினார்கள், ஒருவர் வாயிலும் அவரவர் குரல் இல்லை. ஆறடி ஆள் ஒருவர் இளம்பெண் குரலில் “யாராவது கையைக் குடுங்களேன்” என்று சிணுங்கினார். கோழிகள் ஆறும் ஆறு பெரிய மனிதர்களின் தொனியில் கொக்கரித்துக்கொண்டே நீந்தின. “எல்லாரும் கையைக் கோத்துக்கிட்டு வரிசையா நடங்க!” என்று நான் உத்தரவு போட்டேன். பக்கத்தில் வந்த ஒரு அம்மாள் என் தாடையைப் பிடித்து, “அழாதடா கண்ணு, கரை கிட்டதான் இருக்கு” என்றாள். எனக்கு ஐம்பத்தெட்டு வயது, மைத்துனா. மீசை இருக்கிறது. கரையேறியதும் தலை எண்ணினேன். ஆள் நாற்பத்து மூன்று, கோழி ஆறு, எல்லாம் சரியாக இருந்தது. ஆமைதான் இல்லை.

அதன் பிறகு ஊர் எப்படி இருக்கிறது என்று கோபுர ஜன்னலைத் திறந்து பார்த்தாவது தெரிந்துகொண்டாயா? மிட்டாய்க்கடைக்காரர் வாயைத் திறந்தால் மணி அடிக்கிறது. அவர் கொட்டாவி விட்டால் பள்ளிக்கூடத்தை விட்டுவிடுகிறார்கள். உன் அக்காவுக்குத் தபால்காரரின் மூக்கடைத்த குரல் வந்து சேர்ந்திருக்கிறது. தபால்காரருக்கு அவள் குரல். அந்த மனிதர் வாசலில் நின்று “வீட்ல இருக்கீங்களா, இல்லையா?” என்று கேட்கும்போது, பழக்க தோஷத்தில் நான் “இதோ வந்துட்டேன், இப்பதான் உக்காந்தேன்” என்று பதறி எழுந்து ஓடுகிறேன். எங்கள் துறை அதிகாரிக்கு வாத்துக் குரல். அந்த வாத்துக்கு அவருடைய கனத்த குரல். அது படிக்கட்டில் நடந்துகொண்டே “ம்ம்… ம்ம்…” என்றால் துறை ஊழியர் பாதிப் பேர் எழுந்து நிற்கிறார்கள். இந்த வாத்துக்குரல் அதிகாரிதான் ஐந்தாம் நாள் என்னைக் கூப்பிட்டு, ஆமை பத்தாம் நாளுக்குள் எழும்பவில்லை என்றால் அவள் பெயரைப் பதிவேட்டில் அடித்துவிட்டுப் பறக்கும் கம்பளக் கம்பெனிக்குத் துறையை விட்டுவிடப் போவதாகச் சொன்னார். அதற்குள்ளேயே அந்தக் கம்பெனி ஆசாமி நாடாவை வைத்துக்கொண்டு என் படிக்கட்டை அளக்கிறான்! நான் தினமும் மணல்திட்டுவரை நடந்து போய்த் தண்ணீருக்குள் முகத்தை வைத்துக் கூப்பிட்டுப் பார்த்தேன். இரண்டு குமிழி வரும். அவ்வளவுதான்.

ஆறாம் நாள் பூட்டுக்கடைக்காரி குழந்தையைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தாள். அவளுக்கு யாரோ ஒரு பெரியவரின் கரகரத்த குரல். வந்ததும் வராததுமாகக் குழந்தையை எங்கள் மேசைமேல் உட்கார வைத்து, ஏதோ நான் மாற்றிக் கொடுத்த சாவியைத் திருப்பித் தருகிறவள் போல, “இந்தாங்க உங்க குரல். எடுத்துக்கிட்டு என் பொண்ணோடதைக் குடுங்க” என்றாள். “நான் என்னம்மா பண்ணட்டும்? எல்லாம் என் மச்சினன் கைங்கரியம்” என்றேன். அவள் கண் கலங்கிவிட்டது. “முன்னெல்லாம் அழுதா, பசியா, தூக்கமா, வயித்து வலியான்னு சத்தத்தை வச்சே சொல்லிடுவேன். இப்ப எதுக்கு அழுதாலும் யாரோ என்னை மிரட்டுற மாதிரியே இருக்கு. நேத்து பயந்து போய் ரெண்டு தடவை கடையைப் பூட்டிட்டேன். பெத்த பிள்ளைக்கு என்ன வேணும்னே தெரியலைங்க” என்றாள். அவள் சொல்லி வாய் மூடவில்லை, குழந்தை ஒரு முழக்கம் போட்டது பார், அலமாரியில் டம்ளர்கள் நகர்ந்தன. உன் அக்கா அடுப்படியிலிருந்து திரும்பிக்கூடப் பார்க்காமல், “பசி” என்றாள்.

“எப்படிக்கா சொல்றீங்க?”

“இருபத்தொம்பது வருஷமா இந்தச் சத்தத்தோட குடும்பம் நடத்துறேன். வீட்டுக்குள்ள நுழையும்போதே, செருப்பை எவன் குறுக்க வச்சான்னு ஒரு கத்தல் வரும். அது பசி. இவ இப்ப கத்துனதும் அதே சுருதிதான், குடுத்துப் பாரு.”

குழந்தைக்குப் பால் கொடுத்தாள், சத்தம் நின்றது. கொஞ்ச நேரம் கழித்து இன்னொரு முழக்கம். “இது தூக்கம். கடைசில இழுக்குது பாரு. ஜன்னலை யார் திறந்து வச்சதுன்னு கேக்கறப்ப இவரும் இப்படித்தான் இழுப்பார்” என்றாள். எனக்கு எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பார். என்னை வைத்துக்கொண்டே, என் குரலுக்கு அகராதி சொல்லிக் கொடுக்கிறாள்! மூன்றாவது தடவை, மேசைக்கு அடியிலிருந்து பூனை பாய்ந்ததும் குழந்தை கத்தியது. கூரையிலிருந்து தூசி கொட்டியது. இதுதான் என் அசல் குரல், இடி என்றால் இதுதான் என்று நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். உன் அக்கா, “ஐயோ, இது பயம். தூக்கிக்கோ” என்றாள்.

“அது பயமில்லை, அதட்டல்!” என்றேன். “என் குரல் எனக்குத் தெரியாதா? ஏரியில புயல் வந்தா நான் இப்படித்தான் அதட்டுவேன்!”

“ஆமா,” என்றாள். “அதைத்தான் சொல்றேன்.”

பூட்டுக்கடைக்காரி கிளம்பும்போது வாசலில் தயங்கி நின்றாள். “ஒண்ணு கேட்டா தப்பா எடுத்துக்க மாட்டீங்களே?” என்றாள். கேள் என்றேன். “ஒரே ஒரு தடவை சிரிச்சுக் காட்டுங்க. அவ சிரிச்சுக் கேட்டு ஆறு நாளாச்சு.” சொல், மைத்துனா, இது ஒரு மனிதன் இருக்க வேண்டிய நிலையா? துறைச் சீருடையில், பித்தளைப் பொத்தானெல்லாம் போட்டுக்கொண்டு, சொந்த வீட்டு வாசலில் நின்று சிரித்தேன். கிளுகிளுவென்று வந்தது. எனக்கே கூச்சமாக இருந்தது. அவள் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு, கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். “இன்னொரு தடவை” என்றாள். சிரித்தேன். தினமும் சாயங்காலம் வருகிறாள். தினமும் சிரிக்கிறேன். இதற்கெல்லாம் நீதான் பதில் சொல்ல வேண்டும்.

பத்தாம் நாள், அதாவது நேற்று, கெடு முடிகிற நாள். குழந்தையைத் துறைக்குக் கொண்டுபோய் ஆமையைக் கூப்பிட வைக்கலாம் என்று உன் அக்காதான் யோசனை சொன்னாள். பூட்டுக்கடைக்காரி முதலில் முடியவே முடியாது என்றாள். அப்புறம், “அந்த ஆமைக்கும் பாவம் ஒண்ணும் புரியலைதானே” என்று சொல்லிச் சம்மதித்தாள். குழந்தையைக் கீழ்ப்படியில் உட்கார வைத்தோம். ஊரே கைப்பிடிச் சுவரில் சாய்ந்து வேடிக்கை பார்த்தது. துறை அதிகாரி வந்து “பேபி, ஆரம்பிக்கலாமா?” என்று வாத்துக் குரலில் கேட்டார். குழந்தை சிரித்தது. என் குரலில் சிரிப்பு! ஏரி முழுக்க உருண்டு போயிற்று. ஆமை அசையவில்லை. வேலை நேரத்தில் நான் சிரித்து அவள் கேட்டதே இல்லையே, அவளுக்கு எப்படித் தெரியும்? பிறகு பசிக்கு ஒரு முழக்கம், இரண்டு குமிழி. தூக்கத்துக்கு ஒன்று, குமிழிகூட இல்லை. கம்பெனி ஆசாமி கடிகாரத்தைப் பார்த்தான். நேரம் முடியப் போகிறதே என்ற சந்தோஷத்தில், மாதிரி காட்டுகிறேன் என்று கம்பளத்தை உதறி விரித்தான். அது படபடவென்று பெரிய கழுகு மாதிரி குழந்தையின் தலைக்குமேல் எழும்பியது. குழந்தை மிரண்டு போய் ஒரு கத்து கத்தியது.

“இதான்!” என்றாள் உன் அக்கா.

ஏரி வீங்கியது. மணல்திட்டுக்குப் பக்கம் தண்ணீர் மேடாகி, அந்த மேடு எங்களை நோக்கி வந்தது. அத்தனை பெஞ்சுகளோடும், பாசியோடும், கைப்பிடிக் கம்பியில் தொங்கிய கோழிக்கூடையோடும் அவள் எழுந்தாள். அந்த அலையில் கம்பளம் தொப்பலாக நனைந்து விழுந்தது. ஈரக் கம்பளம் பறக்காதாம், அந்த ஆசாமி அதைச் சுவரில் போட்டுப் பிழிந்துகொண்டிருந்தான். ஆமை எவரையும் பார்க்கவில்லை, நேராகக் குழந்தையிடம் வந்தாள். அதன் காலருகே படியில் தாடையை வைத்துக்கொண்டு, மூச்சை மெதுவாக விட்டாள். குழந்தை அவள் மூக்கில் இரண்டு தட்டுத் தட்டி அழுகையை நிறுத்திக்கொண்டது. முப்பத்தொரு வருடமாகப் புயல் வரும்போதெல்லாம் அவள் நேராகக் கரைக்கு நீந்துவாள். என் அதட்டலுக்கு அடங்கி நீந்துகிறாள் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தேன். அவள் பயந்தவனைக் கரை சேர்க்க நீந்தியிருக்கிறாள். இதை நீ வெளியே சொன்னால் நான் இல்லை என்று சாதித்துவிடுவேன்.

இதோடு விட்டதா? இல்லை. இன்று காலை அதிகாரி உத்தரவு போட்டுவிட்டார். தற்காலிக ஆமையோட்டி: பூட்டுக்கடைக்காரியின் மகள், வயது எட்டு மாதம், பல் இரண்டு. அவளுக்குத் துணை: அவள் அம்மா, கழுத்தோரப் பலகையில் மடக்கு நாற்காலியுடன். நான் யார் தெரியுமா? உதவியாள். ஐம்பது கால்வீச்சுக்கு ஒருமுறை கிலுகிலுப்பையை ஆட்டிக் குழந்தையின் வாயைத் திறக்க வைக்க வேண்டும். ஆட்டினேன். நான்கு சவாரி ஆட்டினேன், மணிக்கட்டு வீங்கிவிட்டது. பயணிகள் “தாத்தா நல்லா ஆட்டுறாரு” என்கிறார்கள். அதைக்கூடப் பொறுத்துக்கொள்வேன். மாலைச் சவாரி முடிந்ததும் எப்போதும்போல் ஈரத்துணி எடுத்துக்கொண்டு அவள் கண்ணோரம் படிந்த பாசியைத் துடைக்கப் போனேன். தினமும் நான்தான் துடைப்பேன், கண்ணை மூடிக்கொண்டு காட்டுவாள். “என்ன தாயே, களைப்பா?” என்று கேட்டேன். அந்தக் கீச்சுக் குரலைக் கேட்டதும் தலையை உள்ளே இழுத்துக்கொண்டாள்.  நான் துணியைப் பிழிந்து கொடியில் போட்டுவிட்டு வீட்டுக்கு வந்து இந்தக் கடிதத்தை எழுத உட்கார்ந்தேன்.

ஆகவே, மந்திரவாதி அவர்களே, நாளை மதியத்துக்குள் என் குரல் என் தொண்டைக்கு வந்து சேர வேண்டும். குழந்தையின் குரல் குழந்தைக்கு, வாத்தினுடையது வாத்துக்கு. தவறினால் நாற்பத்து மூன்று பேரின் கையெழுத்தோடு நகரசபைக்கு மனுப் போடுவேன். உன் பட்டயத்தைச் சட்டத்தோடு கழற்ற வைக்காமல் ஓய மாட்டேன். வேலை தெரியாதவன், கவனம் இல்லாதவன், ஊரார் பாடு எக்கேடு கெட்டால் என்ன என்று ஜன்னலைச் சாத்திக்கொண்டு தூங்குகிறவன் என்று உன்னைப் பற்றி நான் உன் அக்காவிடம் சொன்ன எல்லாவற்றையும் இங்கே மறுபடியும் எழுதியதாகக் கொள்ளவும்.

உன்னைவிட வயதில் பெரியவனாகிவிட்ட காரணத்தால் வாழ்த்தாமல் முடிக்க முடியாது. நோய்நொடி இல்லாமல், நீண்ட ஆயுளோடு, எங்கள் ஊரிலிருந்து நாலு மலை தள்ளி வாழ்வாயாக. உன் அக்கா உன்னை விசாரித்ததாக எழுதச் சொன்னாள், எழுதிவிட்டேன். நான் விசாரிக்கவில்லை.

இப்படிக்கு,
உன் அத்தான்,
ஆமையோட்டி (இன்று முதல் உதவியாள்)

பி.கு.: உறையை ஒட்டப் போகும்போது தபால்காரர் உன் கடிதத்தைக் கொண்டுவந்து கொடுத்தார். உன் அக்கா உரக்கப் படித்தாள். நீ நலமாக இல்லை என்று தெரிந்துகொண்டேன். மந்திரம் வெளியே கசியாமல் இருக்க மலையடிவாரத்தைச் சுற்றி இரண்டு நாள் முட்டி போட்டு வெண்பொடியால் காவல்கோடு இழுத்தாய் என்பதும், அது எங்கேயோ அறுந்திருக்கிறது என்பதும், மறுநாள் மழையில் எல்லாமே கரைந்துபோனதால் இடம் தெரியாமல் ஒன்பது தடவை மலையைச் சுற்றித் தவழ்ந்திருக்கிறாய் என்பதும், வெட்கத்தில் கதவைத் தாழிட்டுக்கொண்டு யாரோ ஒருவர் குரலில் அழுதுகொண்டிருக்கிறாய் என்பதும் தெரிந்தது. ‘அறுந்த இடம் மட்டும் தெரிந்தால் ஒரு மணி நேரத்தில் ஊருக்கே குரலைத் திருப்பிவிடுவேன் அக்கா’ என்று எழுதியிருக்கிறாய்.

அறுந்த இடம்: மலையடிவாரத்திலிருந்து இறங்கும் ஏரித்துறைப் படிக்கட்டு, மேலிருந்து ஏழாவது படி, தூணுக்கும் கைப்பிடிச் சுவருக்கும் நடுவே இரண்டடி. நேரம்: அன்று காலை முதல் சவாரிக்கு முன். முறை: இரண்டு வாளித் தண்ணீர், ஒரு துடைப்பம். எவனோ வேலையற்றவன் கோடு கிழித்து வைத்திருக்கிறான், ஜனங்கள் வழுக்கி விழுவார்களே என்று நினைத்துத் தேய்த்துக் கழுவியவன், மேலே கையெழுத்திட்டிருப்பவன். பக்கத்தில் ஒரு பலகை வைத்திருக்கலாம் என்பது என் தாழ்மையான அபிப்பிராயம். வற்புறுத்தவில்லை. உன் அக்கா இன்னும் என்னை ஒன்றும் கேட்கவில்லை. கடிதத்தை மடித்து வைத்துவிட்டு உனக்குச் சாப்பாடு கட்டிக்கொண்டிருக்கிறாள். பாத்திரங்கள் கொஞ்சம் பலமாக விழுகின்றன.

நாங்கள் இரண்டு பேரும் இப்போதே மலையேறி வருகிறோம். கடிதத்தை நானே கதவிடுக்கில் போடுகிறேன். படித்து முடித்ததும், வெளியே ஒரு கைக்குழந்தை உன்னிடம் மன்னிப்புக் கேட்பது போலச் சத்தம் வந்தால் பயந்துவிடாதே. தாழைத் திற.